கமராவோடு காத்திருத்தல்: வன்னியில் விவரணப்படம் எடுப்பது பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இலங்கையின் வடக்கே உள்ள வன்னியின் ஊர்களுக்குப் படம் எடுக்கப் போகும்போதும், எடுத்ததை அங்கேயே திரையிடும்போதும் எங்கள் மூவர் குழுவிடம் திரும்பத் திரும்பக் கேட்கப்பட்ட கேள்விகளை இங்கே தொகுத்திருக்கிறேன். சில கேள்விகள் இந்தத் தொழிலுக்கு வர விரும்பும் இளையோருடையவை. மற்றவை படத்தில் தோன்றியவர்கள் கேட்டவை. நீண்ட பதில்கள் தேவைப்பட்டதும் அவற்றுக்குத்தான்.

அவதானிப்பு முறை என்று எதைச் சொல்கிறீர்கள்?

நடப்பதை அது நடக்கும் வேகத்திலேயே, கேள்வி கேட்காமலும் "இன்னொருக்கா செய்யுங்கோ" என்று சொல்லாமலும் பதிந்து, பின்னர் விளக்கக் குரல் எதுவும் சேர்க்காமல் தொகுப்பதையே அப்படிச் சொல்கிறோம். ஒரு கமக்காரர் அமைப்பின் கூட்டத்தைப் படமெடுத்தால் யார் பேசினார், யார் வாய் திறக்காமல் இருந்தார், தலைவர் பேசும்போது பின்வரிசையில் இருந்தவர்கள் ஒருவரையொருவர் எப்படிப் பார்த்துக்கொண்டார்கள் என்பவற்றைப் பார்வையாளர் தாமே கண்டு தாமே பொருள்கொள்ள வேண்டும்.

இந்த முறைக்குக் கருவிகளே வழிவிட்டன. 1950களின் இறுதிவரை காட்சியையும் குரலையும் ஒரே நேரத்தில் பதிவதற்குப் பாரமான இயந்திரங்கள் வேண்டியிருந்தன. ஆகவே மக்கள்தான் கமரா இருந்த இடத்துக்கு வரவேண்டியிருந்தது. தோளில் தாங்கக்கூடிய 16 மில்லிமீற்றர் கமராவும், தோளில் மாட்டிக்கொண்டு நடக்கக்கூடிய நாக்ரா ஒலிப்பதிவுக் கருவியும் கைக்கு வந்தபின், 1960இல் அமெரிக்காவில் ரொபேட் ட்ரூ, ரிச்சர்ட் லீகொக், டி. ஏ. பெனபேக்கர், அல்பேட் மேசல்ஸ் ஆகியோர் ஒரு தேர்தல் பிரசாரத்தின் உள்ளே நுழைந்து அதனோடு கூடவே நடந்து படமெடுத்தார்கள். 1967இல் இருந்து பிரெடரிக் வைஸ்மன் மருத்துவமனை, பாடசாலை, நீதிமன்றம் என்று நிறுவனம் நிறுவனமாக, பேட்டியும் இல்லாமல் விளக்கக் குரலும் இல்லாமல் எடுத்த படங்கள் இந்த முறையை ஓர் ஒழுக்கமாகவே ஆக்கின.

ஏன் பேட்டி எடுப்பதில்லை? மக்கள் தம் கதையைத் தம் வாயால் சொல்வதுதானே நியாயம்?

எங்களிடம் மிக அதிகமாகக் கேட்கப்படும் கேள்வி இதுதான். வேறு ஓர் இடமாக இருந்தால் கேட்டவரின் பக்கமே நானும் நின்றிருப்பேன்.

2009 மே மாதத்தில் போர் முடிந்தபின் வன்னியில் ஒரு வீட்டின் படலையைத் திறந்து உள்ளே போன அந்நியர் பெரும்பாலும் 'என்ன நடந்தது, யாரை இழந்தீர்கள்' என்ற ஒரே கேள்வியோடுதான் போயிருக்கிறார். 2010இல் அமைக்கப்பட்ட கற்றுக்கொண்ட பாடங்கள் மற்றும் நல்லிணக்க ஆணைக்குழு, 2013இல் காணாமற்போனோர் பற்றி விசாரிக்க அமைக்கப்பட்ட ஜனாதிபதி ஆணைக்குழு, 2018இல் பணி தொடங்கிய காணாமற்போன ஆட்கள் பற்றிய அலுவலகம் என்பவற்றோடு தொண்டு நிறுவனங்கள், ஆய்வு மாணவர்கள், வெளிநாட்டுச் செய்தியாளர்கள் என எல்லாரும் கேட்டார்கள், மக்கள் சொன்னார்கள். சொல்லிச் சொல்லியே அந்தக் கதைக்கு ஒரு வடிவம் வந்துவிட்டது.

நாங்கள் முதன்முதலாகப் போன வீடுகளில் ஒன்றில், ஓர் அம்மா எங்களைக் கண்டதும் உள்ளே போய்ச் சேலை மாற்றிக்கொண்டு வந்தார். பொலித்தீன் உறைக்குள் இருந்த ஆவணக் கோப்பை எடுத்து, மகனின் புகைப்படம், அடையாள அட்டையின் பிரதி, கடிதங்கள் என ஒவ்வொன்றாக மடியில் அடுக்கி, நாங்கள் எதுவும் கேட்பதற்கு முன்பே திகதியில் இருந்து தொடங்கினார். எந்த இடத்தில் நிறுத்த வேண்டும், எந்தப் படத்தை எப்போது கமராவுக்குத் தூக்கிக் காட்ட வேண்டும் என்பதெல்லாம் அவருக்குத் தெரிந்திருந்தது. அவர் சொன்ன ஒவ்வொரு சொல்லும் உண்மை. ஆனால், முன்னே வந்துபோன கமராக்கள் பழக்கிவைத்த வரிசையில் அந்த உண்மை வந்துகொண்டிருந்தது. நாங்கள் கமராவை மூடிவிட்டுத் தேநீர் குடித்துவிட்டு வந்தோம்.

அடுத்த மாதங்களில் அதே அம்மாவை அவருடைய கச்சான் (நிலக்கடலை) தோட்டத்தில் படமெடுத்தோம். முறிகண்டியில் ஏ9 வீதியால் போகிறவர்கள் கோயிலடியில் வாங்கும் கச்சானுக்குப் பின்னால், செடி பிடுங்கி, காய் ஆய்ந்து, காயவைத்து, மூட்டை கட்டும் எத்தனையோ பெண்களின் முதுகுவலி இருக்கிறது. வாங்க வந்த வியாபாரி தராசில் கைவைத்த விதத்தைக் கண்டு அவர் சொன்ன பகிடிக்கு அந்த வியாபாரியே சிரித்துவிட்டு எடையைத் திரும்ப நிறுத்தார். கோப்பை மடியில் வைத்திருந்தபோது அந்தக் கூர்மையையும் நையாண்டியையும் நாங்கள் காணவில்லை. கோப்பும் படத்தில் வருகிறது. மழை தொடங்கியதும் முதலில் அதை எடுத்து உயரத்தில் வைக்கிறார், அவ்வளவுதான்.

சாட்சியம் தேவையில்லை என்று நான் சொல்வதாக யாரும் எடுத்துக்கொள்ளக் கூடாது. 2017 பெப்ரவரி 20 அன்று கிளிநொச்சி கந்தசுவாமி கோயிலுக்கு முன்னால் காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவினர்கள் தொடங்கிய போராட்டத்தில் கேட்கப்பட்டது பதில். அங்கே சொல்லப்படும் ஒவ்வொரு பெயரும் திகதியும் பதியப்படத்தான் வேண்டும். அந்த வேலையைச் செய்பவர்கள் இருக்கிறார்கள். எங்களுடையது வேறு வேலை.

மக்களோடு சேர்ந்து எடுப்பது என்றால் நடைமுறையில் என்ன செய்கிறீர்கள்?

எடுத்ததை, எடுக்கப்பட்டவர்களிடமே திரும்பக் கொண்டுபோய்க் காட்டுகிறோம். மற்றவை எல்லாம் அதிலிருந்து தொடர்பவை.

ஒவ்வொரு கட்டப் படப்பிடிப்பும் முடிந்தபின், பெரிதாக வெட்டி ஒட்டாத காட்சிகளைச் சனசமூக நிலையத்திலோ ஒரு வீட்டு முற்றத்திலோ வெள்ளைத் துணி கட்டிப் போட்டுக் காட்டுகிறோம். அங்கே சொல்லப்படுபவற்றில் பாதி "நான் ஏன் இவ்வளவு மெலிஞ்சு போனன்" என்பது போன்றதாகத்தான் இருக்கும். மறுபாதியில் நாங்கள் கவனிக்காமல் விட்ட விடயங்கள் வரும்: வாய்க்காலில் தண்ணீர் எந்தப் பக்கம் முதலில் திரும்பியது, அதற்கு யார் முறைப்பட்டார், அந்த நேரம் நாங்கள் கமராவை எங்கே திருப்பி வைத்திருந்திருக்க வேண்டும் என்பன. அடுத்த முறை எதைப் படமெடுப்பது என்பது பெரும்பாலும் அந்த முற்றத்தில்தான் முடிவாகும்.

இது எங்கள் கண்டுபிடிப்பு இல்லை. பிரெஞ்சுக்காரரான ஜோன் ரூஷ் நைஜர் ஆற்றில் நீர்யானை வேட்டையைப் படமாக்கி, 1950களில் அதை அந்த வேட்டைக்காரர்களிடமே கொண்டுபோய்த் திரையிட்டார். வேட்டைக் காட்சிக்கு அவர் பின்னணி இசை சேர்த்திருந்தார். அதுவும் அவர்களுடைய வேட்டைப் பாட்டின் இசைதான். பார்த்தவர்கள் அதை ஏற்கவில்லை. வேட்டையில் சத்தம் கூடாது, சத்தம் கேட்டால் நீர்யானை ஓடிவிடும் என்றார்கள். ரூஷ் அந்த இசையை நீக்கினார். எந்தத் திரைப்பட விமர்சகரும் அந்தக் குறையைச் சொல்லியிருக்க முடியாது.

1967இல் கனடாவின் போகோ தீவில் நடந்ததும் எங்களுக்கு நெருக்கமானது. தீவு மீனவர்களை வேறிடத்தில் குடியேற்றும் பேச்சு அடிபட்ட காலத்தில், தேசியத் திரைப்படச் சபையின் கொலின் லோ அந்தத் தீவின் ஊர்களில் சிறு சிறு படங்களாக எடுத்து, ஓர் ஊரில் சொன்னதை மற்ற ஊரில் போட்டுக் காட்டினார். ஒருவரோடொருவர் பேசாதிருந்த ஊர்கள் திரையில் ஒருவரையொருவர் கேட்டன. தீவுக்கென ஒரு கூட்டுறவுச் சங்கம் உருவானதில் அந்தத் திரையிடல்களுக்கும் பங்கு இருந்தது. கடற்றொழிலாளர் சங்கங்கள் கரைக்கொன்றாக இயங்கும் முல்லைத்தீவில் இதைச் சொன்னபோது, எங்களுக்கு முன்னால் இருந்த எல்லாரும் சிரித்தார்கள். ஏன் சிரித்தார்கள் என்பது அந்தக் கரையில் உள்ளவர்களுக்குத் தெரியும்.

தலையிடாமல் பார்ப்பதும், கூடி இருந்து தீர்மானிப்பதும் ஒன்றுக்கொன்று முரண் இல்லையா?

முரண்தான். சுத்தமான அவதானிப்பாளர் தான் எடுத்ததைக் காட்ட மாட்டார். காட்டினால் அடுத்த நாள் அவர்கள் தெரிந்தே நடப்பார்கள் என்பது அவருடைய அச்சம். எங்கள் அனுபவத்தில் அந்த அச்சம் பாதி உண்மை. முதல் திரையிடலுக்குப் பின் இரண்டு மூன்று நாட்களுக்கு எல்லாரும் தலை வாரிக்கொண்டு வயலுக்கு வருவார்கள். பின்னர் வயல் வேலை வென்றுவிடும்.

இரண்டில் ஒன்றை விடவேண்டிய கட்டம் வந்தால் அவதானிப்பை விட்டுவிடுவது எங்கள் தெரிவு. அதற்குக் காரணம் ஒரு சம்பவம். தொடக்க நாட்களில், யாருக்கும் இடைஞ்சல் தரக்கூடாது என்று எண்ணி, நந்திக்கடல் ஓரத்தில் இறால் பிடிப்பவர்களைத் தொலைவில் நின்று பெரிய கமரா வில்லையால் எடுத்துக்கொண்டிருந்தோம். மூன்றாம் நாள் ஒரு பெரியவர் கரைக்கு ஏறி நேரே எங்களிடம் வந்தார். "தூர நிண்டு பாக்கிறவையளை எங்களுக்கு நல்லாத் தெரியும், தம்பி. பாக்கிறதெண்டால் கிட்ட வந்து இருந்து பாருங்கோ" என்றார். கண்காணிக்கப்பட்டுப் பழகிய ஊரில் தொலைவில் நிற்கும் கமராவுக்கு வேறு பொருள் உண்டு என்பதை எந்தத் திரைப்படக் கல்லூரியும் எங்களுக்குச் சொல்லித்தரவில்லை. அன்றிலிருந்து அகன்ற வில்லையைப் பூட்டிக்கொண்டு, பேசினால் பதில் சொல்லக்கூடிய தூரத்திலேயே நிற்கிறோம்.

கமராவைக் கண்டால் மக்கள் நடிக்க மாட்டார்களா?

முதல் வாரம் நடிப்பார்கள். அந்த வாரத்தில் எடுப்பதை நாங்கள் பயன்படுத்துவது அரிது.

பழைய தொழில்முறையை ஒருமுறை செய்து காட்டும்படி கேட்கலாமா?

கரைவலை இழுப்பவர்களிடம் "அம்பா பாடி இழுங்கோ" என்று கேட்டு எடுத்த காட்சிகளைப் பலர் பார்த்திருப்பார்கள். படகு போய் அரைவட்டமாக வலையை இறக்கி வந்ததும், இரண்டு தலைப்புக் கயிறுகளையும் இரண்டு அணியாக நின்று கரைக்கு இழுப்பார்கள். மடி கரையேறும்வரை கால்கள் ஒன்றாக ஊன்ற வேண்டும் என்பதற்காகப் பிறந்ததுதான் அந்தப் பாட்டு. இப்போது பல இடங்களில் உழவு இயந்திரத்தில் பூட்டிய வின்ச் கயிற்றைச் சுற்றி இழுக்கிறது. பாட்டுக்கு அங்கே வேலை இல்லை. கயிறு பிடித்தவர்களில் பலருக்கும் இல்லை. வின்ச் வேண்டும் என்பவர்களும் கூடாது என்பவர்களும் ஒரே கரையில் இருக்கிறார்கள்.

இந்த நிலையில் வின்ச்சை ஒதுக்கிவைத்துவிட்டு அம்பா பாடவைத்தால், படம் அழகாக இருக்கும். கரையில் நடக்கும் உண்மையான வழக்கு படத்தில் இருக்காது. 1922இல் வெளியான தம் புகழ்பெற்ற படத்துக்காக ரொபேட் பிளகேட்டி, துப்பாக்கி பழகிவிட்ட, வடதுருவப் பகுதியின் இனுவிட் வேட்டைக்காரரை ஈட்டியோடு வேட்டையாடச் சொன்னார். பனிவீட்டுக்குள் கமராவுக்கு வெளிச்சம் போதாததால் ஒரு பக்கம் திறந்த வீட்டையும் கட்டவைத்தார். அதே பிளகேட்டி அன்றன்று எடுத்ததைக் கழுவி, அந்த மக்களுக்கே போட்டுக்காட்டி, அவர்களோடு பேசி அடுத்த காட்சியைத் திட்டமிட்டவர் என்பதையும் சொல்ல வேண்டும். கூட்டாகச் செய்தார் என்பதாலேயே செய்தது சரி என்று ஆகிவிடாது என்பதற்கு அவரைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது.

எங்கள் படத்தில் வின்ச்சின் இரைச்சல் இருக்கிறது. ஓய்வு நேரத்தில் வாடிக்குள் (மீனவர் கொட்டிலுக்குள்) ஒரு முதியவர் அம்பாவை முணுமுணுக்கிறார், இடையில் அடி மறந்துபோய் நிறுத்திவிடுகிறார். அதை யாரும் கேட்டு எடுக்கவில்லை; ஏழாவது வாரத்தில் தானாகக் கிடைத்தது.

ஒரு படத்துக்கு எவ்வளவு காலம் எடுக்கும்?

நெல்லைப் பற்றியதென்றால் குறைந்தது ஒரு காலபோகமும் ஒரு சிறுபோகமும். புரட்டாதி, ஐப்பசியில் விதைப்பு, தை, மாசியில் அறுவடை. அதன்பின் இரணைமடுவில் எஞ்சியிருக்கும் நீரைப் பார்த்து எத்தனை ஏக்கருக்குச் சிறுபோகம் என்று தீர்மானிக்கும் கூட்டம். 1902இல் தொடங்கி 1920இல் கட்டிமுடிக்கப்பட்ட அந்தக் குளத்தின் கீழ் ஆண்டு முழுவதும் நடக்கும் நாடகத்தின் உச்சக்காட்சி அந்தக் கூட்டம்தான் என்பது என் எண்ணம். கடலைப் பற்றியதென்றால் வாடைக்காற்று அடங்கக் காத்திருந்து கடலுக்குப் போகாத நாட்களையும் எடுக்க வேண்டும். வற்றாப்பளைக் கண்ணகி அம்மனின் வைகாசிப் பொங்கலைத் தவறவிட்டால் அடுத்த ஆண்டுவரை காத்திருக்க வேண்டியதுதான்.

சம்மதப் படிவத்தில் கையொப்பம் வாங்கினால் போதாதா?

போதாது. வன்னியில் கையொப்பம் நிறையப் பொருளை இழந்துவிட்ட ஒன்று. நிவாரணத்துக்கு, வீட்டுத்திட்டத்துக்கு, பதிவுக்கு என்று எண்ணற்ற படிவங்களில் ஒப்பமிட்டவர்கள், எங்கள் படிவத்தையும் "என்ன தரப்போகினம்" என்ற எண்ணத்தோடோ, ஒப்பமிடாவிட்டால் என்ன நடக்குமோ என்ற தயக்கத்தோடோதான் பார்க்கிறார்கள். ஆகவே வாயால் கேட்கிறோம். மூன்று முறை கேட்கிறோம்: தொடங்கும் முன், எடுத்ததைப் பார்த்தபின், வெளியூரில் திரையிடும் முன். மூன்றாம் முறை "வேண்டாம்" என்று சொன்னாலும் அது செல்லுபடியாகும்.

கமரா போனபின் "ஆர் வந்தது, என்ன கேட்டவை" என்று விசாரிக்க வேறு ஆட்கள் வருவது இங்கே புதிதல்ல. 1979ஆம் ஆண்டின் பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் நிழலில் வளர்ந்த தலைமுறைகள் இவை. ஒருவர் படத்தில் தோன்றச் சம்மதிக்கும்போது, அருகில் அமர்ந்திருக்கும் அவருடைய தம்பியும் அயலவரும் சம்மதித்ததாக ஆகாது. சுவரில் மாட்டியிருக்கும் படத்துக்கும் தனியாகக் கேட்க வேண்டும். பெண் தனியாகக் குடும்பத்தைக் கொண்டு நடத்தும் வீட்டுக்கு எங்கள் குழுவில் உள்ள தங்கச்சிதான் முதலில் போவார். ஊர் வாய் என்ன சொல்லும் என்ற கவலை அந்த வீட்டுக்கு மிச்சமாக இருக்கக் கூடாது.

படத்தில் வருபவர்களுக்குப் பணம் கொடுப்பீர்களா?

கதைக்குப் பணம் இல்லை. எங்களால் ஒருவருடைய நாட்கூலி தவறினால் அந்தக் கூலியைக் கொடுக்கிறோம். படத்துக்குப் பரிசோ வருமானமோ வந்தால் என்ன செய்வது என்பதைப் படப்பிடிப்புக்கு முன்பே பேசி எழுதிக்கொள்கிறோம். வந்தபின் பேசினால் உறவு கெடும். பிரான்ஸில் 2002இல் ஒரு கிராமப் பள்ளிக்கூடத்தைப் பற்றி வெளிவந்த விவரணப்படம் எதிர்பாராத வசூலைப் பெற்றபோது, அதில் தோன்றிய ஆசிரியர் தமக்கும் பங்கு கேட்டு நீதிமன்றம் போனார். தீர்ப்பு அவருக்குச் சாதகமாக வரவில்லை. சட்டப்படி யார் சரி என்பதை விட, அவர்கள் அதற்குப் பின் ஒருவரையொருவர் எப்படிப் பார்த்திருப்பார்கள் என்பதே என்னை உறுத்துகிறது.

என்ன கருவிகள் வேண்டும்?

கமராவைப் பற்றி அதிகம் கவலைப்பட வேண்டாம். ஒலியைப் பற்றிக் கவலைப்படுங்கள். கடற்கரைக் காற்று, உரோமம் போன்ற உறை போடாத ஒலிவாங்கியை ஒரு நொடியில் பயனற்றதாக்கிவிடும். சட்டையில் குத்தும் சிறு ஒலிவாங்கி வசதியானது. ஆனால் அதை அணிந்திருப்பதை மறந்து ஒருவர் வீட்டுக்குள் போய் மனைவியோடு பேசுவதும் பதிவாகும். அப்படிப் பதிந்ததை நாங்கள் கேட்காமலே அழிக்கிறோம்.

வினாடிக்கு 50 மெகாபிட் வீதம் பதிந்தால் ஒரு மணி நேரத்துக்கு 22.5 கிகாபைட் சேரும். 100 மணி நேரம் எடுத்தால் 2,250. அதை மூன்று பிரதிகளாக மூன்று இடங்களில் வைக்கக் காசு ஒதுக்கிவிட்டே கமரா வாங்குங்கள்.

தொகுப்பில் யாருடைய சொல் நிற்கும்?

எங்கே வெட்டுவது என்பது என் சொல். எதை விடுவது என்பதில் படத்தில் உள்ளவரின் சொல்லே கடைசி.

இதற்கு ஒருமுறை விலை கொடுத்தோம். கரைவலையில் பங்கு பிரிக்கும்போது வலைச் சொந்தக்காரரான ஒரு சம்மாட்டியாருக்கும் கயிறு பிடித்த இளைஞர் ஒருவருக்கும் இடையில் வந்த வாக்குவாதம் முழுமையாகக் கிடைத்திருந்தது. ஒன்பது நிமிடம், ஒரே ஓட்டம். படத்தின் முதுகெலும்பு அதுதான் என்று நாங்கள் மகிழ்ந்திருந்தோம். பார்த்தபின் அந்த இளைஞர், "அண்ணை, நான் நாளைக்கும் இவரிட்டத்தான் கயிறு பிடிக்கோணும்" என்றார். எடுத்துவிட்டோம். படம் அந்த இடத்தில் இன்றைக்கும் தொய்ந்துதான் கிடக்கிறது. அதை மறைக்க நாங்கள் செய்த முயற்சிகளும் தெரிகின்றன.

உபதலைப்பு வேறொரு சிக்கல். வன்னிப் பேச்சில் அடிக்கடி வரும் "அந்தரம்" என்ற சொல்லைச் சிங்களத்துக்கோ ஆங்கிலத்துக்கோ கொண்டுபோக எங்கள் மொழிபெயர்ப்பாளர்களால் முடியவில்லை. அவசரம், தவிப்பு, கையறுநிலை என்று இடத்துக்கு இடம் மாற்றிப் போட்டோம்.

போரைப் பற்றி ஏன் நேரடியாக எதுவும் இல்லை?

வன்னிக்கு வரும் கமராக்களில் பல, போரின் கடைசி நாட்களில் மக்கள் கடந்துவந்த வட்டுவாகல் பாலத்துக்கும் தலையிழந்த பனைகளுக்கும்தான் முதலில் போகின்றன. அவற்றை எடுக்கக் கூடாது என்பதற்கில்லை. நாங்கள் எடுத்த கச்சான் தோட்டத்தில் மண்வெட்டி எங்கே நிதானமாக இறங்குகிறது, கிணற்றடியில் ஏன் ஒரு பக்கத்தை மட்டும் யாரும் கொத்துவதில்லை என்று பார்ப்பவருக்குப் போர் அங்கே இருக்கிறது. பார்க்காதவருக்காகக் குரல் கொடுத்து விளக்க எனக்கு மனமில்லை. இந்தப் பதிலை ஏற்காதவர்கள் உண்டு. எங்கள் குழுவிலேயே ஒருவர் ஏற்பதில்லை.

இதைப் பழக விரும்பும் ஒருவர் எங்கே தொடங்கலாம்?

உங்கள் ஊரில் ஒரே இடத்தில். மாங்குளம் சந்தியின் தேநீர்க்கடையோ, மல்லாவியின் ஒரு சைக்கிள் திருத்தும் கடையோ போதும். முதல் வாரம் கமரா இல்லாமல் போய் இருங்கள். இரண்டாம் வாரம் கமராவைக் கொண்டுபோய் மேசையில் வையுங்கள், எடுக்க வேண்டாம். "என்ன, இண்டைக்கும் எடுக்கேல்லையோ" என்று கடைக்காரர் கேட்கும் நாளில் எடுக்கத் தொடங்குங்கள். பத்து நிமிடப் படமாகத் தொகுத்து, முதலில் அந்தக் கடைக்காரருக்கு, கடை பூட்டியபின், தனியாகக் காட்டுங்கள்.